தில்லையாடி வள்ளியம்மையும் நமது வாக்காளர் பட்டியலும்

ஓசூரைக் கடந்து பெங்களூர் நோக்கிச் செல்லும் சாலையில், ஜூஜூவாடிக்கு அப்பால் தமிழ்நாட்டின் எல்லை முடிகின்றது. நாள்தோறும் தொழிற்சாலைப் பேருந்துகளிலும் இரு சக்கர வாகனங்களிலும் ஆயிரக்கணக்கானோர் அவ்வெல்லையைக் கடந்து வேலைக்குச் செல்கின்றனர். அப்பக்கத்திலிருந்தும் பலர் இங்கு வருகின்றனர். அவர்களிடம் எவரும் அனுமதிச் சீட்டுக் கேட்பதில்லை. நாடெங்கும் தடையின்றிச் செல்லவும், எப்பகுதியிலும் தங்கி வாழவும் நமது அரசியலமைப்பின் 19ஆம் பிரிவு குடிமக்களுக்கு உரிமை அளித்துள்ளது. மூச்சுக் காற்றைப் போல் இதனையும் நாம் நினைப்பதே இல்லை. ஆனால், மாகாண எல்லையை அனுமதியின்றிக் கடப்பதையே போராட்டமாகக் கொண்டு தமிழ்ப் பெண்கள் சிறை புகுந்த காலம் ஒன்று உண்டு. அவர்களுள் வயதில் மிக இளையவர்களில் ஒருவர் வள்ளியம்மை.

அவருடைய பெற்றோர் முனுசாமி முதலியார், மங்களத்தம்மாள். தரங்கம்பாடிக்கு அருகேயுள்ள தில்லையாடியே அக்குடும்பத்தின் பூர்வீகம். வள்ளியம்மை 1898ஆம் ஆண்டு பிப்ரவரி 22ஆம் நாள் தென்னாப்பிரிக்காவின் ஜோகன்னஸ்பர்க் நகரில் பிறந்தார். அந்நாட்டில் இந்தியர் பட்ட இன்னல்களை ஒருவாறு அறிந்தாலன்றி அவர் செய்ததன் பொருள் நமக்கு விளங்காது. 1860 முதல் நேட்டால் மாகாணத்தின் கரும்புத் தோட்டங்களுக்கும், பின்னர் நிலக்கரிச் சுரங்கங்களுக்கும், ஒப்பந்தக் கூலிகளாகத் தமிழரும் தெலுங்கரும் பிறரும் கப்பலேற்றப்பட்டனர். ஒப்பந்தக் காலம் முடிந்தபின் அங்கேயே தங்க விரும்பியவர் ஆண்டொன்றுக்கு 3 பவுன் தலைவரி செலுத்த வேண்டுமென 1895இல் சட்டம் செய்தனர். ஒரு கூலியாளுக்கு அது பல மாத ஊதியமாகும். பின்னர் அவ்வரி அவர்களுடைய மக்கள்மீதும் விதிக்கப்பட்டது; ஆண் பிள்ளைக்குப் 16 வயதும் பெண் பிள்ளைக்கு 13 வயதும் நிரம்பினால் வரி! 1896ஆம் ஆண்டுச் சட்டமோ நேட்டாலில் இந்தியர் புதிதாக வாக்குரிமை பெறும் வழியை அடைத்துவிட்டது. வரி கொடுக்கும் வயது பதின்மூன்று. வாக்களிக்கும் வயது எந்நாளும் வாராது. 1913 மார்ச்சில் நீதிபதி சியர்ல் என்பவர் அளித்த தீர்ப்பால், கிறிஸ்தவ முறைப்படி நடவாத திருமணங்கள் செல்லாதவை என்னும் நிலையும் ஏற்பட்டது.

வாக்கு இல்லாதவன் சட்டத்தை மாற்றுவது எங்ஙனம்? தன் உடலைத் தவிர அவன் கையில் வேறு கருவி இல்லை. காந்தியடிகள் காட்டிய சத்தியாக்கிரகத்தை அம்மக்கள் மேற்கொண்டதன் காரணம் இதுவே. 1909இல் நாகப்பன் என்னும் 18 வயது இளைஞர், சிறையில் பட்ட குளிரினாலும் கடும் வேலையினாலும் நோயுற்று, விடுதலையானவுடன் ஜூலை 6ஆம் நாள் உயிர் நீத்தார். 1913இல் டிரான்ஸ்வாலிலிருந்து பெரும்பாலும் தமிழ்ப் பெண்களே அடங்கிய குழுவொன்று எல்லை கடந்து நேட்டாலின் நியூகாசில் நகரை அடைந்து, சுரங்கத் தொழிலாளரிடம் 3 பவுன் வரியின் கொடுமையை எடுத்துரைத்தது. தொழிலாளர் வேலையை நிறுத்தினர். நவம்பர் 6ஆம் நாள் 2,037 ஆடவரும் 127 பெண்டிரும் 57 குழந்தைகளும் காந்தியடிகளுடன் டிரான்ஸ்வால் நோக்கி நடந்தனர்.

இப்போராட்டத்தில் வள்ளியம்மையும் அவருடைய அன்னையும் சேர்ந்தனர். அவ்வாண்டின் இறுதியில் மூன்று மாதக் கடுங்காவல் தண்டனை பெற்று மாரிட்ஸ்பர்க் சிறைக்கு அனுப்பப்பட்டனர். அங்கே சிறுமியைக் காய்ச்சல் பற்றியது. முன்னதாகவே விடுவிக்க அதிகாரிகள் முன்வந்தும் அவர் இசையவில்லை. விடுதலையானபோது எலும்பும் தோலுமாக இருந்தார். படுக்கையில் கிடந்த அவரைக் கண்ட காந்தியடிகள், சிறை சென்றதற்காக வருந்துகின்றாயா என்று வினவ, மீண்டும் கைது செய்தாலும் செல்ல ஆயத்தமாக இருப்பதாக அவர் விடையிறுத்தார். 1914 பிப்ரவரி 22ஆம் நாள், தமது பதினாறாம் பிறந்த நாளிலேயே, காலமானார். அவ்வாண்டிலேயே நிறைவேறிய இந்தியர் நிவாரணச் சட்டம் 3 பவுன் வரியை ஒழித்தது, திருமணங்களையும் ஏற்றது. வாக்குரிமை மட்டும் கிட்டவில்லை. தென்னாப்பிரிக்கர் யாவரும் வேற்றுமையின்றி வாக்களிக்க 1994 வரை காத்திருக்க நேர்ந்தது.

பள்ளி விழாக்களில் வள்ளியம்மையின் வரலாறு தியாகக் கதையாக மட்டுமே சொல்லப்படுகின்றது. அது போதாது என்பது நமது கருத்து. பிழைப்புத் தேடி வந்த இடத்தில் வரி மட்டும் உண்டு, குரல் இல்லை என்ற நிலையையே அவர் எதிர்த்தார். அந்நிலை நம் சிற்றூர்களில் வேறு வடிவில் தலைகாட்டலாகாது.

1970களில் ஓசூரில் சிப்காட் தொழிற்பேட்டை அமைந்தபின் சுற்றுவட்டாரக் கிராமங்களின் தோற்றமே மாறிவிட்டது. கேழ்வரகு விளைந்த நிலங்களில் வரிசை வீடுகள் எழுந்துள்ளன. தென் மாவட்டத்து இளைஞரும் பீகார், ஒடிசா போன்ற மாநிலத்தவரும் அங்குக் குடியிருக்கின்றனர். ஊராட்சிக் குழாயில் நீர் பிடிக்கின்றனர். வாடகையின் வழியே வீட்டு வரியின் சுமையையும் தாங்குகின்றனர். "வந்தவர்களுக்கு இங்கு என்ன ஓட்டு?" என்று கேட்பவர் உளர். 1950ஆம் ஆண்டு மக்கள் பிரதிநிதித்துவச் சட்டம் கேட்பது ஒன்றே: அவர் சாதாரணமாக வசிக்கும் இடம் எது? சொந்த வீடோ பிறந்த மண்ணோ தேவையில்லை. ஆனால் ஒருவர் பெயர் ஓரிடத்தில்தான் இருத்தல் வேண்டும்; ஊரிலும் இங்குமாக இரண்டு இடங்களில் இருத்தல் கூடாது. அதே சட்டம் நம் பிள்ளைகளையும் காக்கின்றது. எல்லைக்கு அப்பால் சில நாள் வேலைக்குச் சென்று தங்குவதனால் மட்டும் ஒருவர் தம் ஊரின் வசிப்பிடத்தை இழந்துவிடுவதில்லை.

வாக்களிக்கும் வயது 21லிருந்து 18ஆகக் குறைந்தது 1989 மார்ச் 28 முதல். இப்பொழுது ஜனவரி, ஏப்ரல், ஜூலை, அக்டோபர் மாதங்களின் முதல் நாள்களைக் கொண்டு வயது கணக்கிடப்படுகின்றது. 17 வயது நிரம்பியவர் முன்கூட்டியே மனுச் செய்யலாம். புதிதாகப் பெயர் சேர்க்கப் படிவம் 6. குடிபெயர்ந்தவருக்குப் படிவம் 8. ஊராட்சித் தேர்தலில் போட்டியிட 21 வயது போதும். 2019 டிசம்பரில் நடந்த தேர்தலில் நம் கிருஷ்ணகிரி மாவட்டத்துக் கே. என். தொட்டி ஊராட்சி மக்கள், 21 வயதுக் கல்லூரி மாணவி ஒருவரைத் தலைவராகத் தேர்ந்தெடுத்தனர்.

ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் பெயர் உள்ள ஒவ்வொருவரும் கிராம சபையின் அங்கத்தினர். ஆண்டுக்கு ஆறு முறை கூடும் சபை நாள்களுள் ஜனவரி 26, மே 1, ஆகஸ்டு 15, அக்டோபர் 2 ஆகிய நான்கும் தொழிற்சாலைகளுக்குச் சட்டப்படியான விடுமுறை நாள்கள். அந்நாள்களில் வரிசை வீடுகளுக்கும் தண்டோரா போட்டுச் சொல்லலாம். தமிழோடு தெலுங்கிலும் கன்னடத்திலும் பேசிப் பழகிய நம் எல்லைப்புற ஊர்களுக்கு, இந்தியிலும் ஓர் அறிவிப்பு எழுதி ஒட்டுவது பெரிய காரியமன்று.