சமாதானம் ஆனபின், காலம் கடந்த மேல்முறையீட்டை வாபஸ் பெறுவது எப்படி?

குடும்ப நீதிமன்றத் தீர்ப்பை எதிர்த்துத் தாமதமாக உயர் நீதிமன்றம் போனீர்கள். இடையில் பெரியவர்கள் பேசி, இரு வீட்டாரும் ஒரு முடிவுக்கு வந்துவிட்டீர்கள். மகிழ்ச்சி. ஆனால், ‘இனி எதற்கு கோர்ட்’ என்று வழக்கை அப்படியே விட்டுவிடாதீர்கள். முறைப்படி முடித்துவிடுங்கள்.

1. நிலுவையில் இருப்பது எது என்று பாருங்கள்

மேல்முறையீட்டுக்குக் குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 19-ஆம் பிரிவு 30 நாளும், இந்து திருமணச் சட்டத்தின் 28-ஆம் பிரிவு 90 நாளும் தருகின்றன. கெடு தாண்டினால், தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர்த்துப் போட வேண்டும். சென்னை உயர் நீதிமன்றத்தில் அந்த மனு அனுமதிக்கப்படும் வரை மேல்முறையீடு எஸ்.ஆர். எண் எனும் தற்காலிக எண்ணிலேயே நிற்கும், சி.எம்.ஏ. எனும் முறையான மேல்முறையீட்டு எண் கிடைக்காது. உங்கள் வழக்கு அந்த நிலையில் இருந்தால், வாபஸ் பெற வேண்டியது தாமத மனுவை. அது முடிந்தால் மேல்முறையீடும் அதோடு முடியும்.

2. தீர்ப்போடு சமரசத்தை ஒப்பிடுங்கள்

பலர் சறுக்கும் இடம் இது. வாபஸ் பெற்றால் கீழ் நீதிமன்றத் தீர்ப்பு அப்படியே நிலைக்கும். விவாகரத்துத் தீர்ப்பு வந்திருக்கிறது. நீங்களோ மறுபடி சேர்ந்து வாழ முடிவு செய்திருக்கிறீர்கள் என்று வையுங்கள். வெறுமனே வாபஸ் பெற்றால் சட்டத்தின் கண்ணில் நீங்கள் பிரிந்தவர்கள்தான். அப்போது வாபஸ் வேண்டாம். எதிர்த்தரப்பின் சம்மதத்தோடு தாமதத்தை மன்னிக்கக் கேட்டு, உரிமையியல் நடைமுறைச் சட்டம் ஆணை 23, விதி 3-இன்படி சமரசத்தைப் பதிவு செய்யக் கோருங்கள்.

3. எல்லாவற்றையும் எழுதுங்கள்

ஜீவனாம்சப் பாக்கி, நகை, சீர்ப் பொருட்கள், குழந்தை யாரிடம் வளரும், மற்றவர் பார்க்கும் நாட்கள், நிலுவையிலுள்ள பிற வழக்குகள் என எல்லாம் எழுத்தில் வரட்டும். இருவரும் கையெழுத்திடுங்கள். குழந்தையின் ஜீவனாம்சத்தை விட்டுக்கொடுக்காதீர்கள். அது குழந்தையின் உரிமை.

4. மெமோ தாக்கல் செய்யுங்கள்

பேசிய பணமும் பொருளும் கைக்கு வந்தபின், நீங்களும் வழக்கறிஞரும் கையெழுத்திட்ட வாபஸ் மெமோவைக் கொடுங்கள். இரு நீதிபதிகள் அமர்வு உத்தரவிடும். மறுபடி வழக்குப் போட அனுமதி கேட்காமல் வாபஸ் பெற்றால், அதே விஷயத்துக்காக மறுபடி வர முடியாது.

5. நகல் வாங்குங்கள்

உத்தரவின் சான்றிட்ட நகல் இரு தரப்பிடமும் இருக்கட்டும். விவாகரத்து உறுதியாகி மறுமணம் செய்ய நினைப்பவருக்கு அதுதான் ஆதாரம். நீதிமன்றக் கட்டணத்தைத் திரும்பப் பெற வழி உண்டா என்றும் கேளுங்கள். வெளியே பேசி முடித்த வழக்குக்கும் அது பொருந்தும் என்று 2021-இல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

தீர்ப்பை ஒருமுறை முழுதாகப் படிக்காமல் மட்டும் வாபஸ் மெமோவில் கையெழுத்துப் போடாதீர்கள்.