கேமரா வாசலோடு நிற்கட்டும்

தெருவில் ஒரு வீட்டில் திருட்டுப் போனாலும் போனது, ஆளாளுக்குக் கேமரா மாட்டுகிறார்கள். பக்கத்து வீட்டில் எட்டு என்றால் இங்கேயும் எட்டு. வெளிநாட்டிலிருக்கும் பிள்ளை ஆர்டர் போட்டு அனுப்பிவிட்டால் பேச்சே இல்லை.

கேபிள் இழுத்து டிவிஆரில் பதிவாகிற கேமரா, வைஃபை கேமரா, அழைப்பு மணியோடு சேர்ந்த கேமரா என்று கடையில் மூன்று வகை. என் ஓட்டு முதலாவதற்கு. சுவரைக் குடையவேண்டும்தான், ஆனால் பதிவு நம் வீட்டு ஹார்ட் டிஸ்கிலேயே கிடக்கும், இடம் நிரம்பினால் பழையது தானாக அழியும். மணிக் கேமரா அபார்ட்மென்டுக்குச் சரி, எதிர் வீட்டு வாசலை நோக்காமல் இருந்தால்.

ஹாலில் வைக்கிற, தலையைத் திருப்பும் வைஃபை கேமராதான் எனக்கு ஆகாது. பெரியவர்களுக்குப் பாதுகாப்பு என்று சொல்லி விற்கிறார்கள். எனக்குத் தெரிந்த ஓர் அம்மாள் புடவைக் கொசுவத்தைச் சரிசெய்யக்கூட அடுக்களைக்குள் போகிறார். மத்தியானம் கண்ணயர்ந்தால் அலமாரி மேலிருந்து மகன் குரல்: "அம்மா, மாத்திரை போட்டாச்சா?" வேலைக்கு வரும் பெண் கேமராவுக்கு முதுகைக் காட்டித்தான் சாப்பிடுகிறாள். படுத்த படுக்கையாக இருப்பவர் விஷயம் வேறு. நடமாடுகிறவருக்கு எதற்கு இது?

மகன் மட்டும்தான் பார்க்கிறான் என்பதும் நிச்சயமில்லை. வீட்டுக் கேமரா விற்கும் ரிங் நிறுவனத்தின் ஊழியர் ஒருவர் பெண்களின் படுக்கையறை, குளியலறைப் பதிவுகளை ஆயிரக்கணக்கில் பார்த்ததாக 2023இல் அமெரிக்க ஃபெடரல் டிரேடு கமிஷன் குற்றஞ்சாட்டியது. நிறுவனம் 58 லட்சம் டாலர் கட்டியது. டிவிஆரும் யோக்கியமல்ல: கம்பெனி போட்ட பாஸ்வேர்டை மாற்றாத கேமராக்களிலும் டிவிஆர்களிலும்தான் 2016இல் மிராய் வைரஸ் புகுந்தது.

அவசரம் வேண்டாம், ஒரு வாரம் பொறுங்கள். ராத்திரி தெருவில் நின்று உங்கள் வீட்டைப் பாருங்கள். எந்த மூலை இருட்டு, கொல்லைக் கதவுத் தாழ்ப்பாள் எப்படி என்பது தெரியும். விளக்கும் தாழ்ப்பாளும் சரியானபின் ஒன்றிரண்டு கேமரா போதும். மாட்ட வருகிறவரிடம் எதிர் வீட்டு ஜன்னலை பிரைவசி மாஸ்க் போட்டு மறைக்கச் சொல்லுங்கள்; பெரும்பாலான டிவிஆர் மெனுவில் அது உண்டு. அவர் போனபின் பாஸ்வேர்டை நீங்களே மாற்றுங்கள்.

உடன் குடியிருப்பவர் சம்மதமின்றி வீட்டுக்குள் கேமரா வைக்கக்கூடாது என்று 2025இல் கல்கத்தா உயர் நீதிமன்றம் தீர்ப்பளித்தது. உச்ச நீதிமன்றம் அதில் தலையிடவில்லை. அம்மாவிடம் ஒரு வார்த்தை கேளுங்கள். வேண்டாம் என்றால் மாட்டாதீர்கள்.