ஜவ்வாது மலையில் வழிகாட்டியோடு இரண்டு நாள்

கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியான ஜவ்வாது மலை திருவண்ணாமலை, திருப்பத்தூர், வேலூர் மாவட்டங்களில் பரந்து கிடக்கிறது. உதகையையும் கொடைக்கானலையும் போல வெள்ளைக்காரர்கள் கோடைக்கென்று கட்டிய நகரம் எதுவும் இங்கே இல்லை. மலையின் மேல்தளத்தில் காவலூர் வானாய்வகம் இருக்கும் இடத்தின் உயரம் 725 மீட்டர். இந்த உயரத்தில் பகல் வெயில் சுடத்தான் செய்யும். குளிர் இரவில்தான் இறங்கும். படகுச் சவாரியையும் கடைத்தெருவையும் மட்டும் எண்ணி வருபவர்கள் ஜமுனாமரத்தூரின் கோமுட்டேரியைப் பார்த்துவிட்டு அரை நாளில் சலித்துத் திரும்பிவிடுகிறார்கள். சாமைக் கொல்லை, புளியமரம், பலா, மண்சுவர் வீடுகள், அவற்றுக்கு இடையே புதர்க்காடு, பாறை, ஓடை என்று விரிவதே இந்த மலையின் அழகு. அதை வண்டிச் சன்னல் வழியாகப் பார்த்து அறிய முடியாது. உள்ளூர்க்காரர் ஒருவர் முன்னே நடக்க, ஏழெட்டுப் பேர் பின்னே நடந்தால்தான் மலை பிடிபடும்.

இந்த வட்டாரத்தில் இப்படிக் குழுவாக நடப்பதற்கும், வழி தெரிந்தவர் தெரியாதவருக்குச் சொல்வதற்கும் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுப் பழக்கம் உண்டு. பத்துப்பாட்டின் பத்தாவது பாட்டான மலைபடுகடாம், மலையின் தெற்கு அடிவாரத்தில் இன்று செங்கம் என்று வழங்கும் செங்கண்மாவை ஆண்ட நன்னனிடம் பரிசில் பெறப் போகும் கூத்தர் கூட்டத்துக்கு வழி சொல்கிறது. பெருங்கௌசிகனார் பாடிய 583 அடிகள். சேயாறும் நவிரமலையும் அதில் வருகின்றன. நவிரமலையை இன்றைய பருவதமலை என்பார்கள். அரசனின் புகழுக்கு நிகராக அதில் நிறைந்திருப்பது வழிப்பயணத்துக்கான அறிவுரை: பன்றிக்கு வைத்த பொறிகள் எங்கே இருக்கும், பாசி படர்ந்த பாறையில் எதைப் பிடித்துக்கொண்டு இறங்குவது, தினைப்புனக் காவலர் வீசும் கவண்கல்லுக்கு எப்படி ஒதுங்குவது, இரவில் நடக்காமல் குகையில் தங்குவது, எந்தக் குடியில் என்ன சோறு கிடைக்கும், வழியோர நடுகல்லைக் கண்டால் எப்படி மதிப்பது. பாதை பிரியும் இடத்தில் பின்னால் வருபவர்களுக்கு அடையாளமாகப் புல்லை முடிந்து போடச் சொல்லும் குறிப்புகூட உண்டு. ஜவ்வாது மலைக்குக் கிளம்புகிறவர்கள் அந்தப் பாட்டை உரையோடு ஒருமுறை படித்துவிட்டு வருவது நல்லது. கவண்கல்லைத் தவிர அந்த அறிவுரைகளில் இன்றைக்குப் பொருந்தாதது அதிகமில்லை.

குழுவின் அளவுதான் முதலில் தீர்மானிக்க வேண்டியது. ஆறு முதல் பத்துப் பேர் சரியான அளவு. மலைப்பாதைகள் பெரும்பாலும் ஒருவர் பின் ஒருவராக நடக்கும் ஒற்றையடிப் பாதைகள். பத்துப் பேரைத் தாண்டினால் முன்னால் போகும் வழிகாட்டி சொல்வது கடைசியில் வருபவருக்குக் கேட்காது. வழிகாட்டிகள் இருவர் இருந்தால் ஒருவர் முன்னேயும் ஒருவர் கடைசியிலும் நடக்கலாம், யாரும் பின்தங்கிப் பிரிந்துவிடமாட்டார்கள். சிற்றூர்களுக்கும் இதுவே தாங்கும் அளவு. இருபது வீடுகள் உள்ள ஊருக்குள் நாற்பது பேர் இறங்கினால் அது திருவிழாக் கூட்டமாகிவிடும். பிள்ளைகள் மிரள்வார்கள், வீட்டுக்காரர்கள் ஒதுங்கிவிடுவார்கள், பேச்சு என்பதே நடக்காது. ஏழு பேர் போனால் திண்ணையில் இடம் கிடைக்கும்.

வழிகாட்டி அந்த மலையிலேயே பிறந்தவராக இருக்க வேண்டும். இதில் விட்டுக்கொடுக்கக் கூடாது. சென்னையிலிருந்தோ வேலூரிலிருந்தோ குழுவைக் கூட்டி வரும் ஒருங்கிணைப்பாளர் வண்டி, தங்குமிடம், சாப்பாடு ஆகியவற்றைக் கவனிக்கலாம். ஆனால் எந்தக் கொல்லை வழியே நடக்கலாம், எந்த மரத்தடியில் தெய்வம் இருக்கிறது, நேற்றிரவு கரடி எந்தப் பக்கம் வந்தது என்பதெல்லாம் ஊர்க்காரருக்குத்தான் தெரியும். இங்கே வாழ்பவர்களில் பெரும்பான்மையினர் மலையாளிப் பழங்குடியினர். இவர்கள் பேசுவது தமிழ்; கேரளத்தாரோடு இவர்களைச் சேர்த்துப் பேசுவது தவறு. மலையின் மேற்குப் பகுதியில் புதூர்நாடு, நெல்லிவாசல்நாடு, புங்கம்பட்டுநாடு என்று ‘நாடு’களாகவே ஊர்த்தொகுதிகள் அமைந்துள்ளன. ஊர்ப் பெரியவரைக் கண்டு வணங்கி, வந்த காரணத்தைச் சொல்லிவிட்டு நடையைத் தொடங்குவதே முறை. உள்ளூர் வழிகாட்டி இருந்தால் இது இயல்பாக நடந்துவிடும்.

அனுமதி விஷயத்தில் அலட்சியம் கூடாது. ஊர்களுக்கிடையே செல்லும் சாலையிலும் கொல்லைப் பாதையிலும் ஊராரோடு நடப்பது வேறு, காப்புக்காட்டுக்குள் நுழைவது வேறு. பின்னதற்கு வனத்துறையின் அனுமதி வேண்டும். 2018 மார்ச் 11 அன்று தேனி மாவட்டம் குரங்கணியில் காட்டுத்தீயில் சிக்கி மலையேறச் சென்றவர்களில் 20க்கும் மேற்பட்டோர் இறந்தனர். அதற்குப் பிறகு அதே ஆண்டில் மலையேற்றத்தை ஒழுங்குபடுத்தும் விதிகள் வந்தன. 2024 அக்டோபரில் தமிழக அரசு 40 மலையேற்றப் பாதைகளை இணைய முன்பதிவோடு திறந்தது. பயிற்சி பெற்ற பழங்குடி இளைஞர்கள் அவற்றில் வழிகாட்டிகளாக இருக்கிறார்கள். 2025இல் பிப்ரவரி 15 முதல் ஏப்ரல் 15 வரை காட்டுத்தீக் காலம் என்று அந்தப் பாதைகள் மூடப்பட்டன. ஜவ்வாது மலைக்கும் இதே கணக்கைப் பின்பற்றலாம். மாசி, பங்குனியில் இங்கே புல் காய்ந்து சருகு மூடிக் கிடக்கும்; நடப்பதற்கு நிழலும் இருக்காது, ஓடையில் தண்ணீரும் இருக்காது.

ஏற்ற காலம் ஆடி முதல் தை வரை. தென்மேற்குப் பருவமழையை நம்பி விதைக்கும் சாமை பச்சை கட்டி நிற்பதையும் பிறகு கதிர் சாய்வதையும் இந்த மாதங்களில் பார்க்கலாம். ஐப்பசி, கார்த்திகையில் அடைமழை பிடித்தால் பயணத்தைத் தள்ளிப் போடுவதே சரி. பலாப்பழம் வேண்டுபவர்கள் வைகாசி, ஆனியில் வரட்டும். வெயிலைப் பொறுத்துக்கொள்ள வேண்டியிருக்கும். கோடை விழா நடக்கும் நாள்களில் ஜமுனாமரத்தூரில் கூட்டம் நெரியும். நடக்க வருபவர்கள் அந்நாள்களைத் தவிர்ப்பது நல்லது.

மலைக்கு ஏறப் பல வழிகள். போளூரிலிருந்து ஜமுனாமரத்தூருக்கு, செங்கத்திலிருந்து பரமனந்தல் வழியாக, திருப்பத்தூரிலிருந்து புதூர்நாட்டுக்கு, வாணியம்பாடியிலிருந்து ஆலங்காயம், காவலூர் வழியாக, வேலூரிலிருந்து அமிர்தி வழியாக. ஏறிய வழியிலேயே இறங்காமல் இருப்பது நல்ல திட்டம். போளூர் வழியாக ஏறி ஆலங்காயம் வழியாக இறங்கினால் மலையின் இரண்டு முகங்களையும் பார்த்துவிடலாம்; போளூரிலும் வாணியம்பாடியிலும் ரயில் நிலையம் இருப்பதால் வண்டி வைத்துக்கொள்ளாதவர்களுக்கும் வசதி. கொண்டை ஊசி வளைவுகளில் பெரிய பேருந்தைவிட வேன் இலகுவாகத் திரும்பும். வாந்தி வரும் உடம்புக்காரர்கள் முன் இருக்கையில் உட்கார வேண்டும், வயிறு முட்டச் சாப்பிட்டுவிட்டு ஏறக் கூடாது.

பயணத்தைச் சனிக்கிழமை தொடங்கும்படி வைத்துக்கொள்வதற்குக் காரணம் காவலூர். இந்திய வான் இயற்பியல் நிறுவனத்தின் வைணு பாப்பு வானாய்வகம் பொதுமக்களைச் சனிக்கிழமைகளில் அனுமதிக்கிறது. நேரத்தை மட்டும் முன்கூட்டிக் கேட்டு உறுதி செய்துகொள்ள வேண்டும். நகர வெளிச்சம் எட்டாத இருட்டும், தெற்கு வானத்தின் பெரும்பகுதியையும் பார்க்க இடம் தரும் அட்சரேகையும் இந்த இடத்தைத் தேர்ந்ததற்கான காரணங்கள். 1960களின் இறுதியில் 38 சென்டிமீட்டர் தொலைநோக்கியோடு பணி தொடங்கியது. 1972இல் ஒரு மீட்டர் தொலைநோக்கி வந்தது. 1977இல் யுரேனஸ் கோளுக்கு வளையங்கள் இருப்பது தெரியவந்தபோது அதைப் பதிவு செய்த இடங்களில் காவலூரும் ஒன்று. இந்தியாவிலேயே உருவாக்கிய 2.34 மீட்டர் தொலைநோக்கி 1986 ஜனவரியில் திறக்கப்பட்டது. அதற்காக உழைத்த வானியலாளர் வைணு பாப்பு 1982இலேயே மறைந்துவிட்டார். 1988இல் இங்கே கண்டறிந்த சிறுகோள் ஒன்றுக்கு ராமானுஜன் பெயர் சூட்டியிருக்கிறார்கள். மேகம் மூடினால் தொலைநோக்கி வழியே எதுவும் தெரியாது. அப்போதும் அந்தப் பெரிய குவிமாடத்தின் உள்ளே நின்று பார்ப்பது பயணத்துக்கு ஈடு செய்துவிடும். இரவில் அந்தப் பகுதிச் சாலையில் வண்டியின் முகப்பு விளக்கைத் தாழ்த்தி ஓட்ட வேண்டும், கைவிளக்கை வானத்தை நோக்கி அடிக்கக் கூடாது. மாதக் கணக்கில் காத்திருந்து நேரம் வாங்கிய ஓர் ஆய்வாளர் உள்ளே வேலை செய்துகொண்டிருப்பார்.

நடைக்கு உகந்தது காலை ஆறிலிருந்து பத்து வரை. கரடி, காட்டுப்பன்றி உள்ள மலை என்பதால் விடியும் முன்பும் அந்தி சாய்ந்த பிறகும் காட்டோரம் நடப்பதில்லை. மெதுவாக நடப்பவரை வழிகாட்டிக்கு அடுத்ததாக விட வேண்டும். அவர் வேகமே குழுவின் வேகம். வேகமாக நடப்பவர்கள் இதற்கு முணுமுணுப்பார்கள், ஒரு மணி நேரத்தில் பழகிவிடும். ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீர், தொப்பி, நன்றாகப் பிடிமானம் உள்ள காலணி போதும். பல ஊர்களில் கைப்பேசிக்கு அலைவரிசை கிடைக்காது என்பதால் திரும்பும் நேரத்தைத் தங்குமிடத்தில் சொல்லிவிட்டுப் போக வேண்டும். பீமன் அருவியில் பாறை வழுக்கும். மேலே மழை பெய்தால் கீழே வானம் வெளுத்திருக்கும்போதே தண்ணீர் பெருகிவிடும். வழிகாட்டி இறங்க வேண்டாம் என்றால் இறங்கக் கூடாது, அதற்கு மேல் பேச்சே இல்லை.

பட்டறைக்காடு போன்ற இடங்களில் பெருங்கற்காலக் கற்திட்டைகள் இருக்கின்றன. பலகைக் கற்களைச் சுவராக நிறுத்தி மேலே ஒரு கல்லை மூடியாக வைத்த ஈமச் சின்னங்கள். ஊரார் இவற்றைக் குள்ளர் குகை என்பார்கள். முன்னொரு காலத்தில் குள்ள மனிதர்கள் வாழ்ந்த வீடு என்று கதை சொல்வார்கள். அந்தக் கதையை முழுதாகக் கேட்ட பிறகு தொல்லியல் விளக்கத்தைப் பேசுவது நல்லது, முந்திக்கொண்டு திருத்தினால் அடுத்த கதை வராது. மூடுகல்லின் மேல் ஏறிப் படம் எடுப்பதை வழிகாட்டி தயங்கினாலும் குழுவில் ஒருவர் தடுக்க வேண்டும். அடிவாரத்துச் செங்கம் வட்டார நடுகற்களைத் தமிழ்நாடு தொல்லியல் துறை 1972இல் தனி நூலாகவே வெளியிட்டது. அந்த அளவுக்கு இந்த மலையைச் சுற்றிக் கல்லில் எழுதி வைத்த நினைவு செறிந்திருக்கிறது.

ஊருக்குள் ஒரு வேளை சாப்பாட்டை முதல் நாளே சொல்லி ஏற்பாடு செய்துகொள்ளலாம். சாமைச் சோறும் கேழ்வரகுக் களியும் கீரைக் கடைசலும் கிடைக்கும். சாமை மணி சிறியது, உமி இறுக்கமாகப் பிடித்திருக்கும். உரலில் குத்திப் புடைப்பதற்குள் பெண்களுக்குத் தோள் விட்டுப்போகும். ஒரு வீட்டு உரலில் உலக்கையைப் பிடித்துப் பார்த்தவர்கள் தட்டில் ஒரு பருக்கை மிச்சம் வைப்பதில்லை. இப்போது ஆலைகள் வந்து அந்தப் பாடு குறைந்திருக்கிறது. உணவுக்குக் காசு கொடுப்பதை வீட்டுக்காரர் மறுத்தாலும் வழிகாட்டி மூலம் கொடுத்துவிட வேண்டும். சாமை, தேன், புளி ஆகியவற்றை விளைவித்தவர்களிடமே வாங்கலாம். மலை ஏறி வந்துவிட்டுப் பேரம் பேசுவது அழகல்ல.

பேச்சில் கவனமாக இருக்க வேண்டிய ஒன்று மரம். இந்த மலை சந்தன மரத்துக்குப் பெயர் பெற்றது. திருப்பத்தூரில் வனத்துறையின் பெரிய சந்தனக் கிடங்கு இருக்கிறது. வானம் பார்த்த பூமியில் ஆண்டு முழுவதும் வேலை இல்லாததால் இளைஞர்கள் கூலிக்கு வெளியூர் போகிறார்கள். 2015 ஏப்ரல் 7 அன்று ஆந்திரத்தின் சேஷாசலம் காட்டில் செம்மரம் வெட்ட வந்தவர்கள் என்று 20 தமிழர்கள் சுட்டுக் கொல்லப்பட்டனர். அவர்களில் ஜவ்வாது மலையைச் சேர்ந்தவர்களும் இருந்தனர். சுற்றுலா வருபவர் செம்மரத்தைப் பற்றி வேடிக்கையாகக் கேட்கும் கேள்வி, அப்படி ஒருவரை இழந்த வீட்டில் போய் விழக்கூடும். அதுவாகவே பேச்சு வந்தால் கேட்டுக்கொள்ளலாம்.

மலையில் வேலை இப்படி அரிதாக இருப்பதால்தான் வழிகாட்டிக்கான கூலியை ஒருங்கிணைப்பாளரின் மொத்தக் கட்டணத்துக்குள் ஒளித்து வைக்கக் கூடாது. ஒரு நாளைக்கு எவ்வளவு, ஒவ்வொருவருக்கும் எவ்வளவு, மழையால் நடை நின்றுபோனால் எவ்வளவு என்பதைப் பதிவு செய்யும்போதே கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டும். நடை நின்றாலும் அவருக்கு அன்றைய வேலை போனது போனதுதான், முழுக்கூலி கொடுப்பதே நியாயம். வீடுகளையும் மனிதர்களையும் படம் எடுக்கும் முன் கேட்பது, குப்பையைப் பையில் கட்டி அடிவாரம் வரை கொண்டுவருவது, மதுவை மலைக்குக் கொண்டு வராமல் இருப்பது ஆகியவற்றைக் கிளம்பும் முன்பே குழுவில் பேசி முடித்துவிட்டால் வழிகாட்டிக்கு வழியில் சங்கடம் இருக்காது.

இரண்டாம் நாள் பிற்பகல் மூன்று மணிக்குள் ஜமுனாமரத்தூரை விட்டுக் கிளம்பினால் காவலூர், ஆலங்காயம் வழியாக வெளிச்சம் இருக்கும்போதே மலையை இறங்கிவிடலாம். மாலை ரயிலுக்கு வாணியம்பாடியில் போதிய நேரம் மிச்சமிருக்கும்.