விரலைக் குறை கூறுமுன் கருவியைப் பாருங்கள்

திருக்கடையூர் நிறைந்த ஆயுளைக் கொண்டாடும் ஊர். அறுபது நிறைந்தோரும் எண்பது நிறைந்தோரும் அமிர்தகடேசுவரர் சந்நிதியில் மாலை மாற்றிக்கொள்ள வந்தவண்ணம் இருக்கின்றனர். அவ்வூருக்கு அண்மையில் நாம் தணிக்கைக்குச் சென்றிருந்த ஒரு சங்கத்தின் திண்ணையில், நூற்பாலையில் உழைத்து ஓய்வு பெற்ற முதிய அங்கத்தினர் ஒருவர் அமர்ந்திருந்தார். தாம் உயிருடன் இருப்பதாக ஓய்வூதிய அலுவலகத்துக்குச் சான்று அனுப்ப வேண்டி, மூன்று நாளாகச் சங்கத்துக்கு நடந்துகொண்டிருந்தார். "ரேகை தேய்ந்துபோயிற்று என்கிறார்கள், ஐயா. ராத்திரி எண்ணெய்கூடத் தடவிப் பார்த்தேன்" என்று விரல்களை நம்மிடம் நீட்டினார்.

நாம் உள்ளே சென்று நமது விரலையே கருவியின்மீது வைத்தோம்; பதியவில்லை. எழுத்தரின் விரலும் பதியவில்லை. குறை விரலில் இல்லை என்பது அப்போதே விளங்கிற்று. முந்திய வாரம் கணிப்பொறியைப் பழுது பார்த்தவர், அதிலிருந்த அனைத்தையும் அழித்து விண்டோஸைப் புதிதாக ஏற்றியிருந்தார். கைரேகைக் கருவிக்குரிய டிரைவரை மீண்டும் ஏற்றவில்லை. அதன்பின் ரேகை வைக்க வந்தவர் இம்முதியவர் ஒருவரே. ஆகவே பழி அவர் விரல்மேல் விழுந்தது. அரைமணி நேர வேலை மூன்று நாள் அலைச்சலாயிற்று. இப்பாடம் எழுத அதுவே காரணம்.

டிரைவர் என்பது யாது?

1620-இல் டேனிஷ்காரர் தரங்கம்பாடியில் கோட்டை கட்டி வியாபாரம் தொடங்கினர். அவர்கள் பேச்சு நம்மவருக்கு விளங்காது. நம் பேச்சு அவர்களுக்கு விளங்காது. அத்தகைய இடத்தில் இரு மொழியும் அறிந்த துபாஷி இல்லாவிட்டால், சரக்கிருந்தும் பேரம் நடவாது. யூ.எஸ்.பி. கம்பியால் இணைக்கப்படும் கைரேகைக் கருவிக்கும் கணிப்பொறிக்கும் இடையே நிற்கும் துபாஷியே டிரைவர் என்னும் மென்பொருள். ஒவ்வொரு மாதிரிக் கருவிக்கும் அதற்குரிய டிரைவர் தனி.

ஆதார் சார்ந்த வேலைகளுக்கு ஆர்.டி. சர்வீஸ் என்னும் இரண்டாவது மென்பொருளும் தேவை. முன்பு, ஒருமுறை எடுத்த ரேகைப் படத்தைச் சேமித்து வைத்து, ஆளில்லாதபோது மறுபடி அனுப்பி மோசம் செய்ய இடமிருந்தது. இதைத் தடுக்கவே, பதிவு பெற்ற கருவிகளை மட்டுமே பயன்படுத்த வேண்டுமென ஆதார் ஆணையம் 2017-இல் விதித்தது. ரேகை எடுத்தவுடன் நேரம் குறிக்கப்பட்டு, சங்கேதத்தில் பூட்டப்பட்டே வெளியே செல்கிறது. மடலுக்கு அரக்கு முத்திரை வைப்பது போன்றது இது. எல்-0 என்னும் பழைய வகையில் இப்பூட்டு கணிப்பொறியில் இடப்படும். எல்-1 என்னும் புதிய வகையில் கருவிக்குள்ளேயே இடப்படும். பழைய வகையை விட்டு எல்-1 வகைக்கு மாறும்படி ஆணையம் பணித்துள்ளது. ஆகவே கருவி வாங்கும் தீர்மானம் நிர்வாக சபைக்கு வரும்போது இவ்வெழுத்தைக் கவனித்தல் அவசியம்.

ஏற்றும் முறை

1. கருவியின் அடிப்பாகத்தில் தயாரிப்பாளர் பெயரும் மாதிரி எண்ணும் அச்சிடப்பட்டிருக்கும். மந்திரா எம்.எஃப்.எஸ். 100-க்கும் எம்.எஃப்.எஸ். 110-க்கும் ஒரே மென்பொருள் பொருந்தாது. எண்ணைச் சங்கப் புத்தகத்தில் குறித்துக்கொள்க.

2. கருவியைச் செருகுமுன், தயாரிப்பாளரின் சொந்த இணையதளத்திலிருந்து மட்டும் மென்பொருளை இறக்குக. வேறிடத்தில் இலவசமாகக் கிடைப்பதை நம்பலாகாது. அங்கத்தினர் ரேகை விளையாட்டுப் பொருளன்று.

3. நிர்வாகி உரிமையுடன் முதலில் டிரைவரையும், அடுத்து ஆர்.டி. சர்வீஸையும் ஏற்றுக. பின்னர் கணிப்பொறியை ஒருமுறை அணைத்து எழுப்புக.

4. கருவியைக் கணிப்பொறியிலேயே நேராகச் செருகுக. பல முனைக் கிளைப்பெட்டி வழியாக வேண்டாம். டிவைஸ் மேனேஜர் பட்டியலில் கருவியின் பெயருக்கருகே மஞ்சள் ஆச்சரியக்குறி தோன்றினால், துபாஷி இன்னும் வேலைக்கு வரவில்லை என்று பொருள்.

5. கணிப்பொறியின் தேதியும் மணியும் சரியாக உள்ளனவா, இணையத் தொடர்பு உண்டா என்று பார்க்க. கடிகாரம் பிசகினால் நேர முத்திரை பிசகும், அனுப்பியது ஏற்கப்படாது. ஆர்.டி. சர்வீஸ் கணிப்பொறிக்குள் 11100 முதல் 11120 வரையுள்ள வாயில்களில் ஒன்றில் காத்திருக்கும். வைரஸ் தடுப்பு மென்பொருள் சில வேளை அவ்வாயிலை அடைத்துவிடுவதும் உண்டு.

இறுதியில் எழுத்தர் தம் விரலை வைத்துச் சோதித்த பின்னரே அங்கத்தினரை அழைத்தல் முறை.

விரலே பதியாதபோது

எவர் விரலும் பதியாவிடில் குறை கருவியில். ஒருவர் விரல் மட்டும் பதியாவிடில் விரலைப் பார்க்கலாம். இழை முடிந்தே தேய்ந்த கூறைநாட்டு நெசவாளியின் விரல் நுனியும், நாற்றும் சேறும் கண்ட உழவரின் விரல் நுனியும் கண்ணாடித் தட்டுக்கு எளிதில் அகப்படா. உழைப்பின் அடையாளமே அடையாளத்தை அழிக்கிறது. அத்தகையோர் கையைக் கழுவித் துடைத்து, பத்து விரலையும் ஒவ்வொன்றாக முயலட்டும். எண்ணெய் வேண்டாம், அது தட்டை மங்கச் செய்யும்.

அதுவும் பலியாவிடில் வேறு வழி உண்டு. 2014 நவம்பரில் தொடங்கிய ஜீவன் பிரமாண் என்னும் உயிர்வாழ் சான்று முறையில், 2021 நவம்பர் முதல் கைப்பேசி வழியே முகத்தைக் காட்டியும் சான்று பெறலாம். ரேகை பொருந்தாமை ஒன்றையே காரணமாக்கி ரேஷன் முதலிய உரிமைகளை மறுக்கலாகாதென 2017 அக்டோபரிலேயே ஆதார் ஆணையம் சுற்றறிக்கை விடுத்துள்ளது. இதை ஒவ்வொரு அங்கத்தினரும் அறிந்திருக்க வேண்டும்.

நாம் கண்ட முதியவரின் வலக்கைப் பெருவிரல் அன்றும் பதியவில்லை, நடுவிரல் பதிந்தது. சான்று சென்றது. "அப்போ நான் இருக்கேன்" என்று சொல்லிச் சிரித்துக்கொண்டே படியிறங்கினார். நமக்குச் சிரிப்பு வரவில்லை. சங்கம் அங்கத்தினருடையது, கருவி சங்கத்துடையது. கருவியின் குறைக்கு உரியவர் தண்டனை ஏற்பது கூட்டுறவு ஆகாது.

கல்வி வட்டத்தில் விவாதிக்க:

1. நமது சங்கக் கருவியின் மாதிரி எண் என்ன? அது எவ்வகை?

2. கணிப்பொறி பழுது பார்க்கப்பட்டபின் அதைச் சோதிக்கும் பொறுப்பு யாருடையது?

3. விரல் பதியாமல் இவ்வாண்டு திரும்பிச் சென்ற அங்கத்தினர் எத்தனை பேர்? அவர்களை மீண்டும் அழைத்தோமா?