விக்கெட் கீப்பரின் பேட்டிங்: நம்பிக்கைகளும் உண்மைகளும்

எதிரணி ஆடும்போது ஒவ்வொரு பந்துக்கும் ஸ்டம்புக்குப் பின்னால் தயாராக இருப்பது, தன் அணி ஆடும்போது ரன் எடுப்பது என விக்கெட் கீப்பருக்கு இரண்டு பொறுப்புகள். பேஸ்பாலில் கேட்சருக்கும் இதே நிலைதான். ஏற்காட்டுப் பள்ளி மைதானம் முதல் சேப்பாக்கம் வரை இந்த இரட்டை வேலையைப் பற்றிச் சில தவறான எண்ணங்கள் நிலவுகின்றன.

நம்பிக்கை: கீப்பிங் அலைச்சல் இல்லாத வேலை.

உண்மை: டெஸ்டில் ஒரு முழு நாள் ஆட்டம் 90 ஓவர், அதாவது 540 பந்து. ஒவ்வொரு பந்துக்கும் கீப்பர் குந்தி எழ வேண்டும். ஃபீல்டர் எறியும் பந்தை வாங்க ஸ்டம்புக்கு ஓடிவர வேண்டும். தொடை களைத்துவிட்டால், பந்து எழும் முன்பே கீப்பர் எழுந்துவிடுவார். தாழ்வாக வரும் பந்து அப்போது கிளவுஸுக்கு அடியில் நழுவிவிடும்.

நம்பிக்கை: நல்ல பேட்ஸ்மேன் யாராலும் கீப்பிங் செய்ய முடியும்.

உண்மை: 2003 உலகக் கோப்பையில் ராகுல் திராவிட் கிளவுஸ் அணிந்ததால் இந்தியாவுக்குக் கூடுதலாக ஒரு பேட்ஸ்மேன் கிடைத்தார். ஆனால் அது 50 ஓவர் ஆட்டம். திரும்பும் ஆடுகளத்தில் சுழற்பந்துக்கு ஸ்டம்பை ஒட்டி நிற்பது தனிக் கலை. பேட்ஸ்மேனின் காலும் மட்டையும் பந்தை மறைக்க, அது எங்கே வரும் என்று கணித்துக் கையைக் கொண்டுபோக வேண்டும். 1988 ஜனவரியில் சேப்பாக்கத்தில் நரேந்திர ஹிர்வானி தன் முதல் டெஸ்டிலேயே மேற்கிந்தியத் தீவுகளின் 16 விக்கெட்டுகளைச் சாய்த்தார். அதே ஆட்டத்தில் கிரண் மோரே 6 பேரை ஸ்டம்பிங் செய்தார். அவர்களில் 5 பேர் இரண்டாவது இன்னிங்ஸில்.

நம்பிக்கை: கிளவுஸைக் கழற்றினால்தான் ரன் வரும்.

உண்மை: குமார் சங்கக்காராவின் கணக்கு இதற்குச் சான்றாகத் தோன்றும். கீப்பராக ஆடிய 48 டெஸ்டில் அவர் சராசரி 40.48, கீப்பிங் செய்யாத 86 டெஸ்டில் 66.78. ஆனால் அவர் பேட்டிங் முதிர்ந்ததும் அந்தப் பிற்காலத்தில்தான். ஜிம்பாப்வேயின் ஆண்டி ஃபிளவர் கீப்பராகவே 50-க்கு மேல் சராசரி வைத்திருந்தார். பேஸ்பாலில் இரு அணிகளும் ஒரே ஆட்டத்தில் ஒன்பது முறை மாறி மாறி ஆடுவதால், குந்தியிருந்த கேட்சர் சில நிமிடங்களில் மட்டை பிடிக்க நேரும். அப்படியிருந்தும் ஜோ மாவர் 2006, 2008, 2009-இல் அமெரிக்கன் லீகின் பேட்டிங் பட்டத்தை வென்றார். 2013-இல் தலையில் பட்ட அடிக்குப் பிறகு அவர் அந்த இடத்தை விட்டு விலக வேண்டியதாயிற்று.

நம்பிக்கை: கீப்பர் எந்த வரிசையில் இறங்கினாலும் ஒன்றுதான்.

உண்மை: 1964 ஜனவரியில் இங்கிலாந்துக்கு எதிராகச் சென்னையில் தொடக்க வீரராக இறங்கிய புதி குந்தரன் 192 ரன் குவித்தார். அந்த டெஸ்டில் இந்தியாவே முதலில் ஆடியதால் கால் களைக்காமல் களமிறங்கினார். எதிரணி முதலில் ஆடிவிட்டால் நிலை வேறு. இன்னிங்ஸ் இடைவெளி 10 நிமிடம் மட்டுமே. கீப்பிங் பேடைக் கழற்றி பேட்டிங் பேடைக் கட்டவே அந்த நேரம் சரியாகப் போய்விடும். 2013 பிப்ரவரியில் ஆஸ்திரேலியா முதலில் ஆடி 380 எடுத்த பிறகு, ஆறாவது வீரராகச் சேப்பாக்கத்தில் இறங்கிய தோனி 224 எடுத்தார். நான்கு விக்கெட் விழும்வரை அவருக்குக் கிடைத்த ஓய்வு, தொடக்க வீரருக்குக் கிடைக்காதது.

ஆகவே கீப்பரை முதலில் கிளவுஸ் வேலையைப் பார்த்துத் தேர்ந்தெடுப்பதும், அவர் கால்கள் தேறுவதற்கு இடம் கொடுத்து பேட்டிங் வரிசையை அமைப்பதும் அணிக்கு நல்லது. பள்ளிப் பிள்ளைகள் விஷயத்தில் இது இன்னும் முக்கியம். ஒரே பையனையோ பெண்ணையோ நாள் முழுக்கக் கீப்பிங் செய்யவிட்டு, உடனே தொடக்க ஆட்டத்துக்கும் அனுப்பினால் இரண்டு வேலையும் கெடும்.