குடும்பப் பத்திரங்களுக்குக் கைப்பேசியில் ஒரு படி

தோட்டப்புறத்தில் வாழும் குடும்பங்களின் முக்கியப் பத்திரங்கள் பெரும்பாலும் ஒரே இடத்தில்தான் இருக்கின்றன. பிஸ்கட் டின் ஒன்றிலோ, அலமாரியின் மேல்தட்டில் உள்ள பழைய கைப்பையிலோ அவை அடுக்கப்பட்டிருக்கும். பாட்டனாரின் சிவப்பு அடையாளக் கார்டு, தந்தையாரின் பிறப்புப் பத்திரம், திருமணப் பதிவுப் பத்திரம், பிள்ளைகளின் பள்ளிச் சான்றிதழ்கள், ஊழியர் சேமநிதி வாரியத்தின் கணக்கறிக்கைகள் ஆகிய யாவும் அதனுள் அடங்கும். ஒரு குடும்பத்தின் மூன்று தலைமுறை வரலாறு அந்த டின்னுக்குள் இருக்கிறது என்று கூறினால் அது மிகையாகாது.

ஒரே இடத்தில் இருக்கும் பொருள் ஒரே நாளில் அழிந்துபோகவும் கூடும். கறையான், ஒழுகும் கூரை, தீ, வெள்ளம் ஆகியவை முன்னறிவிப்புக் கொடுத்துவிட்டு வருவதில்லை. 2014 டிசம்பரில் கிழக்குக் கரையிலும், 2021 டிசம்பரில் சிலாங்கூரிலும் ஏற்பட்ட பெருவெள்ளங்களில், உடுத்திய துணியோடு வீட்டை விட்டு வெளியேறியவர்கள் பலர். தோட்டம் கைமாறி, லயன் வீடுகளைக் காலி செய்யும் நாளிலும் இதே ஆபத்து உண்டு. அவசரத்தில் பழைய தாள் என்று எண்ணித் தூக்கி எறியப்படும் ஒன்று, பத்து ஆண்டுகளுக்குப் பின்னர் பேரப்பிள்ளைக்குத் தேவைப்படலாம்.

இன்று பெரும்பாலான வீடுகளில் படக்கருவியோடு கூடிய கைப்பேசி ஒன்றாவது இருக்கிறது. அதனைக் கொண்டு இப்பத்திரங்களைத் தெளிவாகப் படியெடுத்து வைத்துக்கொள்ளும் முறையை இப்பாடத்தில் காண்போம். இவ்வாறு எடுக்கப்படும் படியை ஸ்கேன் என்பர். நாம் இதனை மின்படி என்று குறிப்பிடுவோம்.

பழைய பத்திரம் எதற்கு?

“இறந்தவர்களின் பத்திரம் இனி எதற்கு?” என்று சிலர் கேட்பதுண்டு. இதற்கான விடை நமது அரசியலமைப்புச் சட்டத்தில் இருக்கிறது. பொதுவாக, 1957 ஆகஸ்டு 31 முதல் 1962 செப்டம்பர் இறுதி வரை கூட்டரசில் பிறந்தவர்களுக்கு, இம்மண்ணில் பிறந்தமையே குடியுரிமைக்குப் போதுமானதாக இருந்தது. அதற்குப் பின்னர் பிறந்தவர்களைப் பொறுத்தவரையில், அவர்கள் பிறந்த நேரத்தில் பெற்றோரின் நிலை யாது என்பதும் கணக்கில் கொள்ளப்படுகிறது. ஆகவே, மகனுடைய குடியுரிமை பற்றிய கேள்வி எழும்போது, தந்தை அல்லது தாயின் பத்திரம் தேடப்படுகிறது. ஒரு தலைமுறையின் தாள் அடுத்த தலைமுறைக்கு ஆதாரமாகிறது.

திருமணப் பத்திரமும் இத்தகையதே. 1976 ஆம் ஆண்டின் திருமண, மணவிலக்குச் சீர்திருத்தச் சட்டம் 1982 மார்ச் 1 ஆம் நாள் நடைமுறைக்கு வந்தது. முஸ்லிம் அல்லாதாரின் திருமணங்கள் யாவும் அன்று முதல் பதிவு செய்யப்படல் வேண்டும். கோயிலில் தாலி கட்டியதோடு நின்றுவிட்ட திருமணங்களால், பிள்ளைகளின் பிறப்புப் பதிவில் சிக்கல்கள் எழுந்ததை நாம் கண்டிருக்கிறோம். பதிவு செய்தவர்கள் அப்பத்திரத்தைப் பிள்ளைகளின் பிறப்புப் பத்திரங்களோடு சேர்த்துப் பாதுகாத்தல் வேண்டும்.

பத்திரம் தொலைந்துபோனால் தேசியப் பதிவிலாகாவில் விண்ணப்பம் செய்து மறுபடி பெற வழியுண்டு. ஆயினும், பதிவு எண்ணும், பதிவு செய்யப்பட்ட இடமும், நாளும் தெரிந்திருந்தால் தேடும் வேலை எளிதாகும். மின்படியின் முதற்பயன் இதுவே. மூலப் பத்திரம் அழிந்தாலும், அதிலிருந்த விவரங்கள் அழிவதில்லை.

சாதாரணப் படமும் மின்படியும்

பத்திரத்தைக் கைப்பேசியில் ஒரு படம் எடுத்துவிட்டால் போதாதா என்று கேட்கலாம். சாய்வாகப் பிடித்து எடுத்த படத்தில், தாளின் ஒரு பக்கம் அகன்றும் மறுபக்கம் குறுகியும் தோன்றும். நம் கையின் நிழலும் அதன்மீது விழுந்திருக்கும். ஸ்கேன் செய்யும் செயலியோ முதலில் தாளின் நான்கு மூலைகளையும் கண்டுகொள்கிறது. பின்னர், கோணலாகத் தெரியும் அவ்வுருவத்தை நேரான செவ்வகமாக இழுத்துச் சரிசெய்கிறது. மூன்றாவதாக, நிழல் விழுந்த பகுதியையும் வெளிச்சமான பகுதியையும் ஒப்பிட்டுத் தாளின் நிறத்தைச் சமன் செய்கிறது. இறுதியில், பல பக்கங்களையும் ஒரே கோப்பாக இணைத்து, பி.டி.எஃப். எனும் வடிவில் தருகிறது.

இதற்கெனப் பணம் கொடுத்துச் செயலி வாங்க வேண்டியதில்லை. ஆண்ட்ராய்டு வகைக் கைப்பேசியில் கூகல் டிரைவ் செயலியைத் திறந்து, படக்கருவிச் சின்னத்தைத் தொட்டால் ஸ்கேன் செய்யலாம். ஐபோனில் நோட்ஸ் செயலியில் புதிய குறிப்பு ஒன்றைத் திறந்து, இணைப்புச் சின்னத்தைத் தொட்டு, ‘ஸ்கேன் டாக்குமெண்ட்ஸ்’ என்பதைத் தேர்ந்தெடுக்கலாம். யார் வெளியிட்டது என்று தெரியாத இலவசச் செயலிகளில் அடையாளக் கார்டைப் படியெடுத்தல் ஆகாது.

முதற்படி: தாளை ஆயத்தப்படுத்துதல்

பத்திரங்களைக் கட்டியிருக்கும் ரப்பர் வளையங்களை முதலில் அகற்றுதல் வேண்டும். நாளடைவில் அவை இளகித் தாளோடு ஒட்டிக்கொள்ளும். துருப்பிடித்த ஊசிகளையும் மெல்லக் கழற்றிவிட வேண்டும். மடிப்பு விழுந்த தாளைக் கனமான புத்தகத்தின் அடியில் ஓரிரவு வைத்தால் அது படிந்துவிடும். இஸ்திரிப் பெட்டியைப் பயன்படுத்தவே கூடாது. கிழிந்த இடத்தில் செலோபன் டேப் ஒட்டுவதும் தவறு. அப்பசை காலப்போக்கில் மஞ்சளாகி எழுத்தை மறைத்துவிடும்.

வெண்மையான தாளின் கீழே கருநிறத் துணியை விரிக்க வேண்டும். கட்டமும் கோடும் இல்லாத கரிய கைலி ஒன்று போதும். பின்னணி இருண்டிருந்தால் செயலி தாளின் ஓரத்தை எளிதிற் கண்டுகொள்ளும். வெள்ளை மேசை விரிப்பின்மீது வெள்ளைத் தாளை வைத்தால் அது தடுமாறும்.

இரண்டாம் படி: ஒளியும் தூரமும்

காலை ஒன்பது மணியளவில், ஐந்தடியில் நேரடி வெயில் விழாத இடமே இவ்வேலைக்கு ஏற்றது. விளக்கின் கீழ் நின்றால் நம் தலையின் நிழலே தாளின்மீது விழும். கைப்பேசியின் பிளாஷ் ஒளியை அணைத்துவிட வேண்டும். பிளாஸ்டிக் உறையிட்ட பத்திரமாயின் அதன்மீது ஒளி பளிச்சிடும். அப்போது தாளைச் சற்றே திருப்பி வைத்து, பளபளப்பு மறையும் இடத்தைக் கண்டு எடுக்க வேண்டும்.

கைப்பேசி தாளுக்கு நேர்மேலே, அதற்கு இணையாக இருத்தல் வேண்டும். தாள் திரையை ஏறக்குறைய நிரப்ப வேண்டும். நான்கு ஓரங்களிலும் சிறிதளவு கரிய துணி தெரிந்தால் போதும். இதன் காரணத்தைச் சிறு கணக்கொன்றால் விளக்குவோம்.

ஏ4 தாளின் அளவு 210 மில்லிமீட்டருக்கு 297 மில்லிமீட்டர். சிறிய எழுத்தும் தெளிவாகத் தெரிய, ஓர் அங்குலத்திற்கு 300 புள்ளிகள் வேண்டும் என்பது பொதுவான அளவு. அப்படியாயின், அகலத்தில் 2,480 புள்ளிகளும் நீளத்தில் 3,508 புள்ளிகளும் தேவை. இரண்டையும் பெருக்கினால் ஏறத்தாழ 8.7 மில்லியன் புள்ளிகள். 12 மில்லியன் புள்ளிகள் கொண்ட படக்கருவி இதற்குப் போதுமானது. ஆனால், தாள் திரையின் பாதி அகலத்தையும் பாதி நீளத்தையும் மட்டுமே நிரப்பினால், அதற்குக் கிடைப்பது நான்கில் ஒரு பங்கு, அதாவது 3 மில்லியன் புள்ளிகளே. படம் அழகாகத் தோன்றலாம். பதிவு எண்ணைப் படிக்க முனையும்போது குறை தெரியும்.

மூன்றாம் படி: நிறத்தோடு எடுத்தல்

தோட்டமொன்றில் நாம் இப்பாடத்தை நடத்தியபோது, எழுபது வயதைக் கடந்த அம்மையார் ஒருவர் காலஞ்சென்ற தம் கணவரின் பிறப்புப் பத்திரத்தைக் கொண்டுவந்தார். அவருடைய பேரன் அதனைத் திருத்தமாகப் படியெடுத்து, பாட்டியிடம் காட்டினான். தாள் வெண்மையாகவும் எழுத்து கருமையாகவும் தெரிந்தன. அம்மையார் அதனை நெடுநேரம் உற்றுப் பார்த்துவிட்டு, “முத்திரை எங்கேயப்பா போயிற்று?” என்று கேட்டார்.

அவருக்கு எழுதப் படிக்கத் தெரியாது. ஆனால், அத்தாளின் கீழ்மூலையில் மங்கிய ஊதா நிறத்தில் வட்டமான முத்திரை ஒன்று இருந்தது அவருக்கு மனப்பாடம். பையன் கறுப்பு வெள்ளை முறையைத் தேர்ந்தெடுத்திருந்தான். மங்கலான நிறத்தை அழுக்கு என்று கொண்டு செயலி அதனை நீக்கிவிட்டது. நிறத்தோடு மறுபடி எடுத்தபோது முத்திரையும், அதன் நடுவிலிருந்த நாளும் தெரிந்தன.

இதிலிருந்து நாம் கற்கவேண்டியது ஒன்றுண்டு. பத்திரத்தின் படி அழகாக இருத்தல் முக்கியமன்று; உள்ளது உள்ளபடி இருத்தலே முக்கியம். ஆகவே எப்போதும் நிறத்தோடு எடுக்க வேண்டும். கறைகளை நீக்கும் வசதிகளைப் பயன்படுத்தலாகாது. பின்பக்கத்தையும் தவறாது எடுக்க வேண்டும். பிற்காலத்தில் எழுதப்பட்ட குறிப்புகளும் கையொப்பங்களும் அங்கே இருக்கக்கூடும். எடுத்து முடித்ததும் படத்தைப் பெரிதாக்கி, பெயர், எண், நாள், முத்திரை ஆகிய நான்கையும் மூலத்தோடு ஒப்பிட்டுப் பார்க்க வேண்டும். பத்திரத்தின் உரிமையாளர் அருகிலிருப்பது நலம்.

நான்காம் படி: பெயரிடுதலும் பாதுகாத்தலும்

கைப்பேசி தானாக இடும் பெயரில் நாளும் எண்ணும் மட்டுமே இருக்கும். அதனை மாற்றி, ஆண்டு, பத்திரம், உரியவர் என்ற வரிசையில் பெயரிட வேண்டும். எடுத்துக்காட்டாக, ‘1961 பிறப்புப் பத்திரம் தாத்தா’ என்று எழுதலாம். ஆண்டை முதலில் எழுதினால் கோப்புகள் கால வரிசையில் நிற்கும்.

பாதுகாப்பதற்கு மூன்று, இரண்டு, ஒன்று எனும் விதியை நினைவிற் கொள்க. மூன்று படிகள் வேண்டும். அவை இருவேறு வகைப் பொருள்களில் இருத்தல் வேண்டும். அவற்றுள் ஒன்று வீட்டிற்கு வெளியே இருத்தல் வேண்டும். மூலப் பத்திரம் ஒன்று, கைப்பேசியில் உள்ளது இரண்டு, இணையச் சேமிப்பிலோ பட்டணத்தில் வாழும் மகளின் வீட்டிலோ உள்ளது மூன்று. கூகல் கணக்கில் 15 கிகாபைட் அளவுக்குக் கட்டணமின்றி இடம் கிடைக்கிறது. படியெடுக்கும் வேலைக்குப் பொதுவாக இணையத் தொடர்பு தேவையில்லை. தொடர்பு கிடைக்காத தோட்டங்களில் வாழ்வோர், பட்டணம் செல்லும்போது அனுப்பிக்கொள்ளலாம். வாட்ஸ்அப்பில் அனுப்பும்போது படமாக அனுப்பினால் தெளிவு குன்றும். ‘டாக்குமெண்ட்’ என்ற பிரிவின் வழி அனுப்புக.

எச்சரிக்கை

மின்படி மூலத்திற்கு மாற்றாகாது. அரசாங்க அலுவலக முகப்புகளில் மூலப் பத்திரத்தைக் கேட்பார்கள். ஆகவே, படியெடுத்தாயிற்று என்று தாளை அசட்டையாக விட்டுவிடக் கூடாது. அதனைப் பிளாஸ்டிக் உறையிலிட்டு, தரையிலிருந்து உயரமான இடத்தில் வைக்க வேண்டும்.

மேலும், அடையாளக் கார்டின் படி திருடர் கையில் சிக்கினால் நம் பெயரில் கடன் பெறவும் கணக்குத் திறக்கவும் முயலக்கூடும். கைப்பேசிக்குப் பூட்டு எண் இடுவது கட்டாயம். பிறருக்குப் படி கொடுக்கும்போது, அதன் குறுக்கே இரு கோடுகள் இழுத்து, எக்காரியத்திற்காகக் கொடுக்கப்படுகிறது என்பதை மலாய் மொழியில் எழுதிக் கொடுக்க வேண்டும். நம்மிடமுள்ள மூலக் கோப்பில் கோடு இழுக்காமல், அதன் மறுபடியில் இழுக்க வேண்டும். முன்பின் அறியாதவர் தொலைபேசியில் அதிகாரி என்று கூறிக் கேட்டால் எதையும் அனுப்புதல் ஆகாது. ஏமாற்றப்பட்டுப் பணம் இழந்தவர்கள் தாமதியாது 997 என்ற எண்ணை அழைக்க வேண்டும்.

பயிற்சி

வரும் ஞாயிற்றுக்கிழமை காலையில் குடும்பத்தார் அனைவரும் ஒன்றுகூடி அமர்க. பிள்ளைகள் படக்கருவியைப் பிடிக்கட்டும். மூத்தவர்கள் ஒவ்வொரு தாளும் யாருடையது, எக்காலத்தது என்று சொல்லட்டும். பின்வரும் வினாக்களுக்கு விடை காண்க.

1. உங்கள் வீட்டிலுள்ள மிகப் பழைய பத்திரம் யாது? அது யாருடையது?

2. அதன் பதிவு எண்ணை மின்படியில் பார்த்துப் படிக்க இயலுகிறதா?

3. முத்திரைகளும் பின்பக்கக் குறிப்புகளும் விடுபடாமல் வந்துள்ளனவா?

4. இன்றிரவே வீட்டில் வெள்ளம் புகுமாயின், உங்கள் பத்திரங்களின் படி வேறு எங்கே இருக்கிறது?

நான்காவது வினாவிற்கு விடை சொல்ல இயலாத குடும்பம், அந்த டின்னை இன்றே திறப்பது நலம்.