ஒரு நாளை விழுங்கிய கடற்பாம்பு



காலத்தையே இரையாகக் கொள்ளும் கடற்பாம்பு ஒன்று உண்டு என்றால் நம்புவீர்களா? அது வடக்கிலிருந்து தெற்கு வரை பசிபிக் மாக்கடலில் வளைந்து நெளிந்து படுத்திருக்கிறது. அதைத் தாண்டி மேற்கே செல்லும் கப்பலிடமிருந்து ஒரு முழு நாளை விழுங்கிவிடும். கிழக்கே செல்லும் கப்பலுக்கோ ஒரு நாளைக் கக்கிக் கொடுக்கும்! வகுப்பறைச் சுவரில் தொங்கும் உலகப் படத்தில் அதை நாம் பலமுறை பார்த்திருக்கிறோம். சர்வதேசத் தேதிக் கோடு என்பதே அதன் பெயர். பாம்பு நம் கற்பனை. அது விழுங்கிய நாட்களோ வரலாற்றில் பதிந்தவை. அவற்றுள் சிலவற்றை இங்கே காண்போம்.

முதலில் அகப்பட்டவர்கள்

1519ஆம் ஆண்டு செப்டம்பர் 20ஆம் நாள் மெகல்லன் தலைமையில் ஐந்து கப்பல்கள் ஸ்பெயினிலிருந்து மேற்கு நோக்கிப் புறப்பட்டன. சுமார் 240 பேர் அவற்றில் இருந்தனர். பசியும் நோயும் பலரைக் கொன்றன. 1521 ஏப்ரல் 27இல் பிலிப்பைன்ஸ் தீவுகளில் நடந்த சண்டையில் மெகல்லனும் மாண்டார். எஞ்சிய 'விக்டோரியா' என்னும் ஒரே கப்பலை எல்கானோ என்பவர் நடத்தி வந்தார். 1522 ஜூலையில் அது ஆப்பிரிக்காவுக்கு மேற்கேயுள்ள கேப் வெர்டி தீவுகளை அடைந்தது. உணவு வாங்கக் கரைக்குச் சென்றவர்கள், "இன்று என்ன கிழமை?" என்று விசாரித்தனர். வியாழன் என்று விடை வந்தது. கப்பல் கணக்கிலோ அன்று புதன், ஜூலை 9!

அக்காலக் கிறிஸ்தவ மாலுமிகளுக்கு இது சிறு செய்தியன்று. தாங்கள் வெள்ளி என்று எண்ணிப் புலால் தவிர்த்த நாள் கரையில் சனியாக இருந்திருக்கிறது. ஞாயிறு என்று எண்ணிச் செபித்த நாள் திங்களாக இருந்திருக்கிறது. யார் செய்த பிழை இது?

கப்பலில் பிகாபெட்டா என்னும் இத்தாலியர் இருந்தார். அவர் ஒரு நாள்கூட விடாமல் நாட்குறிப்பு எழுதி வந்தவர். கரையிலுள்ளோர் சொன்னதற்காகத் தம் ஏட்டை அவர் அழித்துத் திருத்தவில்லை, காரணத்தைத் தேடினார். கப்பல் எப்போதும் மேற்கு நோக்கியே சென்றதால்தான் ஒரு நாள் குறைந்தது என்று பின்னர் தெளிந்தார். ஏட்டிலும் பிழையில்லை, கரையிலும் பிழையில்லை.

ஒரு சிறு கணக்கு

பூமி 24 மணி நேரத்தில் 360 பாகை சுழல்கிறது. அதாவது ஒரு பாகைக்கு 4 நிமிடம். சூரியனைத் தொடர்ந்து மேற்கே செல்பவருக்கு ஒவ்வொரு நாளும் சற்று நீள்கிறது. உலகை ஒரு முறை சுற்றி முடிக்கும்போது அந்த நீட்சிகள் யாவும் சேர்ந்து 24 மணி ஆகின்றன. அதனால் அவர் காணும் உதயங்களில் ஒன்று குறைகிறது. விக்டோரியா 1522 செப்டம்பர் 6இல் ஸ்பெயினை அடைந்தது. பயணம் நிகழ்ந்தது ஏறத்தாழ 1,080 நாட்கள். வகுத்துப் பாருங்கள்: சராசரியாக நாளொன்றுக்கு 80 வினாடிகளே! நம் பாம்பு ஒரு நாளை ஒரே வாயில் விழுங்கவில்லை. யாரும் அறியாதபடி கொறித்துத் தின்றது.

தரையில் மறைந்த பத்து நாட்கள்

இப்பாம்புக்குத் தரையிலும் ஓர் உறவு உண்டு. ஜூலியஸ் சீசர் வகுத்த பழைய பஞ்சாங்கத்தில் ஆண்டு 11 நிமிடம் அளவு நீண்டிருந்தது. பல நூற்றாண்டுகளில் அது பத்து நாட்களாகப் பெருகி, உயிர்ப்புப் பெருவிழாவின் கணக்கே நிலை பெயர்ந்தது. பாப்பரசர் 13ஆம் கிரகோரியார், இயேசு சபைக் கணித அறிஞர் கிளாவியுஸ் முதலியோரின் துணையுடன் அதைத் திருத்தினார். 1582ஆம் ஆண்டு அக்டோபர் 4ஆம் தேதிக்கு மறுநாள் அக்டோபர் 15 ஆயிற்று. அந்த இரவில்தான் அவிலா நகர்ப் புனித தெரேசம்மாள் இறைவனடி சேர்ந்தார். அவருடைய திருநாளை நாம் அக்டோபர் 15இல் கொண்டாடுகிறோம்.

தீவுகள் இழந்த நாட்கள்

பிலிப்பைன்சுக்கு ஸ்பானியர் மெக்சிகோ வழியாக வந்தமையால் அங்கே அமெரிக்கத் தேதியே வழங்கியது. இந்தியா வழியாக வந்த போர்த்துக்கீசியரின் மக்காவிலோ ஒரு நாள் முன்னதாக இருந்தது. இந்த வேற்றுமையை நீக்க, 1844 டிசம்பர் 31 என்னும் நாளையே பிலிப்பைன்ஸ் பஞ்சாங்கத்திலிருந்து எடுத்துவிட்டார்கள்.

சமோவா நாடு 1892இல் அமெரிக்காவுடன் ஒத்திருக்க விரும்பி, ஜூலை 4ஐ இருமுறை எண்ணியது. பின்னர் ஆஸ்திரேலியா, நியூசிலாந்து ஆகியவற்றுடன் வாணிபம் பெருகவே, 2011இல் கோட்டின் மறுபுறம் மாறியது. டிசம்பர் 29, வியாழன் இரவு உறங்கியவர்கள் டிசம்பர் 31, சனியன்று கண் விழித்தார்கள். டிசம்பர் 30இல் பிறந்த சமோவாச் சிறுமிக்கு அந்த ஆண்டு பிறந்த நாளே இல்லை! அவள் ஒரு நாள் இளையவளாகவும் ஆகிவிடவில்லை.

நாம் அறிவது என்ன?

தோழியரே, இங்குதான் பாம்பின் இரகசியம் வெளிப்படுகிறது. சமோவாவில் ஒரு மணி நேரமும் அழியவில்லை. தெரேசம்மாளின் வாழ்நாளில் ஒரு நிமிடமும் குறையவில்லை. மாலுமிகளும் கடலில் எல்லா மணிகளையும் முழுமையாகவே வாழ்ந்தார்கள். பாம்பு தின்றது நாளின் பெயரை மட்டுமே. மனிதர் ஒன்றுகூடி உழைக்கவும் வழிபடவும் அந்தப் பெயரில் உடன்பாடு வேண்டும். அதற்காகவே கோடுகளும் பஞ்சாங்கங்களும் ஏற்பட்டன.

ஆனால் பெயரை விட்டுவிட்டுக் காலத்தையே தின்னும் பாம்பு ஒன்று நம் வீட்டிலும் வகுப்பிலும் உண்டு. "பிறகு பார்த்துக்கொள்ளலாம்" என்பதே அது. நாளுக்கு 80 வினாடி போனதை மாலுமிகள் மூன்றாண்டு உணரவில்லை. நாளுக்கு அரைமணி போவதை நாம் உணர்கிறோமா? ஓராண்டில் அது 182 மணிக்கு மேல் ஆகும்! அதை எந்த அரசாணையும் மீட்டுத் தராது.

சாவுக்குத் தப்பிச் செவில் நகர் வந்து சேர்ந்த 18 பேரும் முதலில் வெறுங்காலுடன், கையில் மெழுகுவர்த்தி ஏந்தி, தேவ அன்னையின் ஆலயம் சென்று நன்றி செலுத்தினார்கள். இழந்த நாளை எண்ணி ஏங்காமல், கிடைத்த நாளுக்கு நன்றி சொன்ன அவர்களைப் போல், இறைவன் நமக்கு அளிக்கும் ஒவ்வொரு நாளையும் நன்றியோடு ஏற்று, நன்கு பயன்படுத்துவோமாக!